ஸவ்தா முதல் ஸெவ்தா வரை: போஸ்னியப் பாடகர் ஹாலித் பெஷ்லிச்

அரபு மொழியில் 'ஸவ்தா' எனும் சொல் கருமையைக் குறிப்பது. 'அஸ்வத்' என்னும் ஆண்பால் வடிவத்தின் பெண்பால் அது. பண்டைய மருத்துவ நூலார் இச்சொல்லைக் கரும்பித்தத்தின் பெயராக வழங்கினர். இரத்தம், சளி, மஞ்சள் பித்தம், கரும்பித்தம் ஆகிய நான்கின் சமநிலையே உடல்நலம் என்பதும், கரும்பித்தம் மிகுந்தால் மனிதன் துயரத்திலும் தனிமையிலும் ஆழ்வான் என்பதும் கிரேக்கரிடமிருந்து அரபு மருத்துவர் பெற்று வளர்த்த கொள்கையாகும். கிரேக்கர் 'மெலன்கோலியா' என்றதும் இக்கரும்பித்தத்தையே. நம் நாட்டு யூனானி மருத்துவர்கள் இன்றும் 'ஸவ்தா' என்னும் சொல்லைக் கையாள்கின்றனர். இப்னு ஸீனா தமது 'கானூன்' என்னும் மருத்துவப் பெருநூலில் 'இஷ்க்' எனப்படும் பெருங்காதலை மனநோய்களின் வரிசையில் வைத்து, அது மெலன்கோலியாவை ஒத்தது என்று விளக்கியிருப்பது கற்றோர் அறிந்ததே.

மருத்துவர்கள் நோயெனக் கண்டதைக் கவிஞர்கள் காதலெனக் கண்டனர். அரபியிலிருந்து துருக்கி மொழிக்குச் சென்ற இச்சொல் அங்கே 'ஸெவ்தா' என ஒலித்துக் காதலைக் குறிக்கத் தொடங்கியது. உதுமானியருடன் அது பால்கன் மலைகளைக் கடந்து போஸ்னியாவை அடைந்தபோது, சொல்லின் இறுதியில் ஒரு ஹகரம் சேர்ந்து 'ஸெவ்தாஹ்' ஆயிற்று. காதல், ஏக்கம், இனிய துயரம் ஆகிய மூன்றும் ஒருங்கே கலந்த ஒரு மனநிலைக்கு அங்கே அதுவே பெயர். அந்த மனநிலையைப் பாடும் பாட்டுக்கு 'ஸெவ்தாலிங்கா' என்று பெயர்.

2025 அக்டோபர் 7ஆம் நாள் சரயேவோ நகரில் தமது 71ஆம் வயதில் காலமான ஹாலித் பெஷ்லிச், இந்த ஸெவ்தாஹ் மரபின் ஈரத்தைத் தம் காலத்து வெகுமக்கள் பாட்டுக்குள் கொண்டுவந்தவர். கிழக்கு போஸ்னியாவின் சிற்றூர் ஒன்றில் பிறந்த இம்முஸ்லிம் பாடகர், ஒன்றோடொன்று போரிட்டுப் பிரிந்த நாடுகள் அனைத்திலும் விரும்பப்பட்டவராக எவ்வாறு உயர்ந்தார் என்பதையும், அவ்வுயர்வை நாம் எந்த அளவுகோலால் அளப்பது என்பதையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஸெவ்தாலிங்கா பிறந்த மண்

1463ஆம் ஆண்டு போஸ்னியா உதுமானியர் ஆட்சிக்கு உட்பட்டது. அடுத்து வந்த தலைமுறைகளில் அம்மண்ணின் ஸ்லாவிய மக்களில் பெருந்தொகையினர் இஸ்லாத்தைத் தழுவினர். அவர்கள் தம் தாய்மொழியைக் கைவிடவில்லை. அதற்குள் அரபு, பாரசீக, துருக்கிச் சொற்களுக்கு இடமளித்தனர். நாம் 'மஹல்லா' என்பதை அவர்கள் 'மஹாலா' என்கின்றனர். நாம் 'ஜனாஸா' என்பதை அவர்கள் 'ஜெனாஸா' என்கின்றனர். 'ஆஷிக்' அங்கே காதலனைக் குறிக்கும்; 'தெர்த்' எனும் பாரசீகச் சொல் உள்வலியைக் குறிக்கும்.

அரபு எழுத்தில் தமிழை எழுதிய நம் முன்னோர் அரபுத்தமிழை வளர்த்தது போன்றே, போஸ்னிய முஸ்லிம்களும் தம் மொழியை அரபு எழுத்தில் எழுதி 'அரெபிட்ஸா' என்று அழைத்தனர். முஹம்மத் ஹெவாயி உஸ்குஃபி என்னும் அறிஞர் 1631ஆம் ஆண்டிலேயே போஸ்னிய மொழிக்கும் துருக்கி மொழிக்கும் செய்யுள் வடிவில் ஓர் அகராதி இயற்றினார். வந்த நெறியை ஏற்றுப் பிறந்த மொழியையும் பேணிய ஒரு சமுதாயத்தின் அறிவுலகம் இத்தகையது. அதன் உணர்வுலகம் ஸெவ்தாலிங்காவில் வெளிப்பட்டது.

இப்பாட்டு ஊரகத்தது அன்று, நகரத்தது. உயர்ந்த மதிலுக்குள் அமைந்த முற்றம், மரச்சட்டமிட்ட சாளரம், தெருவில் நடந்து செல்லும் இளைஞன், உள்ளிருந்து அவனைக் காணும் பெண் ஆகியவை இதன் களமாகும். சந்திப்பதற்கும் பேசுவதற்கும் வரம்புகள் இருந்த ஒரு சமூகத்தில், சொல்ல இயலாத அன்பு பாட்டாகக் கசிந்தது. எனவே அடக்கம் இதன் இலக்கணமாயிற்று. காதலைப் பாடும்போதும் பாடுபவர் தம்மை விரித்துக் காட்டுவதில்லை. ஓர் ஆற்றையோ மலரையோ நகரத்தின் ஒரு தெருவையோ பாடி நிறுத்திக்கொள்வார். தொடக்கத்தில் 'ஸாஸ்' எனப்படும் நீண்ட கழுத்துடைய நரம்பிசைக் கருவி இதற்குத் துணையாக இருந்தது. 1878ஆம் ஆண்டு ஆஸ்திரிய-ஹங்கேரியர் போஸ்னியாவைக் கைப்பற்றிய பின்னர் அக்கார்டியன் வந்து ஸாஸின் இடத்தைப் பெரிதும் பிடித்துக்கொண்டது.

1945ஆம் ஆண்டு சரயேவோ வானொலி நிலையம் தொடங்கப்பட்டது. வீட்டு முற்றத்துப் பாட்டு நாடு முழுமைக்கும் உரியதாயிற்று. ஸாயிம் இமாமொவிச், ஸஃபெத் இஸொவிச், ஹிம்ஸோ பொலொவினா ஆகியோர் இக்காலத்தின் பேராசான்கள். ஸாயிம் என்பது 'ஸஈம்' என்பதன் திரிபு. ஸஃபெத் என்பது 'ஸஃப்வத்'. ஹிம்ஸோ என்பது ஹம்ஸா என்னும் பெயரின் செல்ல வடிவம். இவர்களுள் பொலொவினா தொழிலால் ஒரு மனநல மருத்துவர் என்பது சிந்திக்கத்தக்கது. பண்டைய மருத்துவர் ஸவ்தாவின் விளைவெனக் கூறிய துயரத்துக்குப் பகலில் மருத்துவம் செய்தவரே ஸெவ்தாஹைப் பாடவும் செய்தார். இவர்களுடன் நடா மமூலா போன்ற செர்பியப் பெண்மணியரும் ஸெவ்தாலிங்காவைப் பாடிப் புகழ்பெற்றனர். முஸ்லிம்களின் நகர வாழ்விலிருந்து முகிழ்த்த பாட்டு அனைவரின் உடைமையாகவும் ஆகியிருந்தது.

புதிதாய்ப் புனைந்த பாட்டு

இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய யூகோஸ்லாவியாவில் தொழிற்சாலைகள் பெருகின. ஊரகத்து இளைஞர்கள் கூட்டங்கூட்டமாக நகரங்களுக்குக் குடிபெயர்ந்தனர். 1968ஆம் ஆண்டு மேற்கு ஜெர்மனியுடன் ஏற்பட்ட ஒப்பந்தத்தைத் தொடர்ந்து இலட்சக்கணக்கானோர் கூலி வேலைக்காக அந்நாட்டிற்கும், அதுபோன்றே ஆஸ்திரியா, சுவிட்சர்லாந்து முதலிய நாடுகளுக்கும் சென்றனர். கிராமத்தை விட்டு வந்துவிட்ட, நகரத்தில் இன்னும் வேரூன்றாத இம்மக்களின் செவிக்குப் பழைய ஸெவ்தாலிங்கா சற்றே உயரத்தில் இருந்தது. மேற்கத்திய இசையோ அந்நியமாக இருந்தது. இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட வெளியில் 'புதிதாய்ப் புனைந்த நாட்டுப்பாட்டு' என்னும் புதுவகை தோன்றியது. நாட்டுப்புற மெட்டு, அக்கார்டியன், மின்கிதார், பேச்சுவழக்குச் சொற்கள் ஆகியவற்றின் கலவை அது. ஸாக்ரெபின் யூகோதோன், சரயேவோவின் திஸ்கோதோன் முதலிய இசைத்தட்டு நிறுவனங்கள் இவற்றைப் பெருமளவில் வெளியிட்டன. ஒலிநாடா வந்தபின் அப்பாட்டு ஜெர்மனியில் வாழ்ந்த தொழிலாளியின் பெட்டியிலும் இடம்பெற்றது.

படித்தோர் இதனை இகழ்ந்தனர். மலிவான கலை எனப் பொருள்படும் 'ஷுந்த்' என்னும் வசைச்சொல் இதன்மீது வீசப்பட்டது. 1970களின் தொடக்கத்தில் அரசு அத்தகைய படைப்புகளுக்குத் தனி வரியும் விதித்தது. ஆயினும் விற்பனை குறையவில்லை. ஒரு மக்கட்திரளின் ஏக்கத்துக்கு வரிவிதித்து அதனை நிறுத்திவிட இயலாது என்பதற்கு இது ஒரு சான்றாகும்.

இவ்வகையின் மிகப்பெரும் நட்சத்திரங்களுள் ஒருவர் லெபா ப்ரெனா. 1960ஆம் ஆண்டு துஸ்லா நகரில் முஸ்லிம் குடும்பமொன்றில் பிறந்த அவருடைய இயற்பெயர் ஃபஹ்ரெதா யாஹிச். 'அழகிய ப்ரெனா' எனப் பொருள்படும் மேடைப் பெயரை ஏற்று, 1982ஆம் ஆண்டு வெளிவந்த முதல் தொகுப்பின் வழியே புகழ்பெற்ற அவர், சில ஆண்டுகளுக்குள் யூகோஸ்லாவியா முழுவதிலும் ருமேனியா, பல்கேரியா ஆகிய அண்டை நாடுகளிலும் விளையாட்டரங்குகளை நிரப்பினார். 1987ஆம் ஆண்டு அவரை நாயகியாகக் கொண்டு திரைப்படமும் வந்தது. அவருடைய வெற்றி மேடைக் கோலம், ஆடல், விளம்பரம் ஆகியவற்றோடு பிணைந்தது. பெயரில் எந்தச் சமூகத்தின் அடையாளமும் இல்லாமை அதற்கு உதவியது. ஹாலித் பெஷ்லிச் தேர்ந்த வழி இதற்கு மாறானது. 'காலித்' என்னும் அரபுப் பெயரைச் சிறிதும் மாற்றாமல், ஆடலோ அலங்காரமோ இன்றி, மேடையில் நின்று பாடியே அவர் மக்களைக் கவர்ந்தார்.

ரொமானியா மலையடிவாரத்திலிருந்து

1953 நவம்பர் 20ஆம் நாள், சரயேவோவுக்குக் கிழக்கே, ரொமானியா மலைப்பகுதியிலுள்ள க்னெஜினா என்னும் ஊரையடுத்துப் பெஷ்லிச் பிறந்தார். இராணுவச் சேவையை முடித்தபின் சரயேவோவுக்கு வந்து, அங்குள்ள உணவு விடுதிகளில் பாடத் தொடங்கினார். 'கஃபானா' எனப்படும் இவ்விடுதிகள் காப்பியும் மதுவும் விற்பவை. உழைத்துக் களைத்தவர்கள் இரவில் கூடும் இடங்கள். பால்கன் நாட்டுப்பாடகர் பலருக்கும் முதற்பள்ளி இதுவே. கேட்பவரின் முகத்துக்கு நேரே நின்று, ஒலிபெருக்கியின் துணையும் அதிகமின்றி, விரும்பிக் கேட்கப்படும் பாட்டை உடனே பாடவேண்டிய இடம். குரலில் பொய் இருந்தால் அங்கே அடுத்த இரவுக்கு அழைப்பு இராது.

1970களின் இறுதியில் அவர் சிறு இசைத்தட்டுகளை வெளியிட்டார். 1980களின் தொடக்கத்தில் நெடுந்தட்டுகள் வந்தன. 1984ஆம் ஆண்டு வெளிவந்த, வைரங்களைப் பெயராகக் கொண்ட தொகுப்பு அவரை நாடறியச் செய்தது. செல்வத்தை வேண்டாது அன்பை வேண்டும் அதன் தலைமைப் பாட்டு இன்றுவரை திருமண வீடுகளில் பாடப்படுகிறது. அதே ஆண்டில்தான் சரயேவோவில் குளிர்கால ஒலிம்பிக் போட்டிகளும் நடைபெற்றன. மசூதியும் கத்தோலிக்க, மரபுவழிக் கிறித்தவத் தேவாலயங்களும் யூதர்களின் தொழுகைக் கூடமும் சில நூறு அடித் தொலைவுக்குள் அமைந்த அந்நகரத்தை உலகமே வியந்து நோக்கிய காலம் அது.

நஸிஃப் க்லிவா முதலிய பாடலாசிரியர்கள் அவருக்காக எழுதிய பாட்டுகளில் தாய், பிறந்த மண், இலையுதிர் காலம், பிரிந்த காதல் ஆகியவை திரும்பத் திரும்ப வந்தன. அயல்நாட்டில் வேலை செய்த தொழிலாளிக்குத் தாயிடம் மீளும் ஏக்கம் தன் சொந்தக் கதையாகவே இருந்தது. மெட்டுகள் எளியன, ஒருமுறை கேட்டவர் மறுமுறை உடன்பாடலாம். குரலோ தடித்த, சற்றே கரகரப்பான, முயற்சியைக் காட்டாத குரல். பேராசான் இஸொவிச்சின் நுண்ணிய குரல் வேலைப்பாடு அதில் இல்லை; இருக்கவேண்டும் என்று அவர் பாசாங்கு செய்யவும் இல்லை. ஆனால் ஸெவ்தாலிங்காவின் உள்ளியல்பான அடக்கம் இருந்தது. அவருடைய பாட்டில் வரும் காதலன் இழந்தவன். எனினும் இழப்புக்குக் காரணமானவளைச் சபிக்காதவன். பழைய மரபிலிருந்து அவர் பெற்ற சொத்து இதுவே என்று கூறலாம்.

பாட்டு பிளவுபட்ட காலம்

1992 ஏப்ரலில் போஸ்னியப் போர் மூண்டது. சரயேவோ 1996 பிப்ரவரி வரை, 1,425 நாள்கள் முற்றுகையில் கிடந்தது. 1992 ஆகஸ்டு இறுதியில் தேசிய நூலகம் குண்டுவீச்சில் எரிந்தது. திஸ்கோதோன் நிறுவனத்தின் மூல ஒலிப்பதிவுகளும் அப்போரில் அழிந்தன. 1995 ஜூலையில் ஸ்ரெப்ரெனிட்ஸாவில் எட்டாயிரத்துக்கும் மேற்பட்ட முஸ்லிம் ஆண்களும் சிறுவர்களும் கொல்லப்பட்டனர். போர் முழுவதிலும் மடிந்தோர் ஏறத்தாழ ஓர் இலட்சம். பெஷ்லிச் பிறந்த பகுதி, போரை முடித்த 1995ஆம் ஆண்டு ஒப்பந்தத்தின்படி செர்ப் குடியரசு எனப்படும் ஆட்சிப்பகுதிக்குள் அமைந்தது. ஒரு பாடகர் தாம் பாடிய மலையடிவாரத்தை எல்லைக்கோட்டின் மறுபுறத்தில் காண நேர்ந்தது.

அதே ஆண்டுகளில் செர்பியாவில் புதிதாய்ப் புனைந்த பாட்டு வேறொரு திசையில் சென்றது. மின்னணு இசையின் வேகம் சேர்ந்த அவ்வகைக்குத் 'துர்போ நாட்டுப்பாட்டு' என்று பெயர். மாண்டினீக்ரோவைச் சேர்ந்த ரம்போ அமாதெயுஸ் என்னும் பாடகர் 1980களின் பிற்பகுதியில் கேலியாக வழங்கிய பெயர் அது. கேலி போய்ப் பெயர் நிலைத்துவிட்டது. பணம், ஆடம்பர வண்டி, பகட்டான கோலம் ஆகியவை அதன் முகமாயின. அதன் மிகப்பெரிய நட்சத்திரமான ட்ஸெட்ஸா, 'அர்கான்' என அறியப்பட்ட துணைப்படைத் தலைவரை 1995ஆம் ஆண்டு மணந்தார். போஸ்னிய முஸ்லிம்களுக்கு எதிரான கொடுமைகளோடு பெயர் பிணைந்த படையின் தலைவர் அவர். பாட்டும் படையும் ஒரே மேடையில் நின்ற காட்சியாக அத்திருமணம் நினைவுகூரப்படுகிறது.

பெஷ்லிச் போர்க்காலத்தில் ஐரோப்பிய நகரங்களில் நூற்றுக்கணக்கான நிகழ்ச்சிகளை நடத்திப் போஸ்னிய மக்களுக்காக நிதி திரட்டினார். முன்பு கூலி வேலைக்குச் சென்றவர்களோடு இப்போது அகதிகளும் சேர்ந்திருந்தனர். ஜெர்மனியிலும் ஆஸ்திரியாவிலும் ஒரு மண்டபத்தில் அவர் பாடும்போது, வீடிழந்தவன் தன் ஊரின் பெயரைப் பாட்டில் கேட்டான். 1980களில் ஏக்கமாக இருந்தது 1990களில் இழப்பாக மாறியிருந்தது. பாட்டு ஏறத்தாழ அதுவே, கேட்பவரின் உள்ளம் மாறிவிட்டது. பகைவரைப் பழிக்கும் பாட்டுகளுக்கு அக்காலத்தில் எல்லாத் தரப்பிலும் பெருஞ்சந்தை இருந்தது. அவருடைய புகழ் அச்சந்தையைச் சார்ந்து எழவில்லை.

எல்லைகளைக் கடந்த புகழ்

போர் முடிந்து சில ஆண்டுகள் கடந்தபின் வியப்பான ஒன்று நிகழ்ந்தது. யூகோஸ்லாவியாவைக் கண்டிராத புதிய தலைமுறை, தம் பெற்றோர் கேட்ட பாடகரைத் தாமாகத் தேடிக் கேட்கத் தொடங்கியது. 2003ஆம் ஆண்டு வெளிவந்த, முதல் முத்தத்தைப் பெயராகக் கொண்ட பாட்டு இளைஞரிடையே பரவியது. 2008ஆம் ஆண்டின் இலக்கத்தைப் பெயரில் தாங்கி வந்த தொகுப்பிலுள்ள 'மில்யாட்ஸ்கா' பாட்டு அதனினும் விரிந்த புகழைப் பெற்றது. மில்யாட்ஸ்கா என்பது சரயேவோவின் நடுவே ஓடும் சிற்றாறு. ஆழமற்றது, அகலமும் மிகுதியன்று. முற்றுகை நாள்களில் அதன் கரைகள் மறைந்திருந்து சுடுவோரின் குறிக்கு உட்பட்டிருந்தன. அந்த ஆற்றை ஒரு முஸ்லிம் பாடகர் பாட, குரோஷியத் தலைநகர் ஸாக்ரெபின் பெரிய அரங்குகளில் கத்தோலிக்க இளைஞர்கள் எழுந்து நின்று உடன்பாடினர். செர்பியாவிலும் மாண்டினீக்ரோவிலும் ஸ்லொவேனியாவிலும் மாசிடோனியாவிலும் அது பாடப்பட்டது.

இதற்குக் காரணங்கள் பல. முதலாவது, மொழி. அரசுகள் போஸ்னியம், குரோஷியம், செர்பியம் எனப் பெயர்களைப் பிரித்தாலும் பேசுவோர் ஒருவரை ஒருவர் மொழிபெயர்ப்பின்றிப் புரிந்துகொள்கின்றனர். இரண்டாவது, புலம்பெயர் மக்கள். வியன்னாவிலும் மியூனிக்கிலும் இம்மூன்று சமூகத்தாரும் ஒரே தொழிற்கூடத்தில் பணியாற்றுவோர்; ஒரே மண்டபத்தில் திருமணம் செய்வோர். மூன்றாவது, பாட்டின் இயல்பு. அதில் கொடியும் இல்லை, வெற்றி முழக்கமும் இல்லை. ஆறு, மலை, தாய், இலையுதிர் காலம் ஆகியவற்றை எவரும் தம்முடையன எனக் கொள்ளலாம். நான்காவது, மனிதரின் நடத்தை. பிற நாட்டாரைப் பற்றிக் கசந்து பேசியவர் என்ற பெயர் அவருக்கு ஏற்படவில்லை. தம் பெயரையும் சமூகத்தையும் மறைத்தவர் என்ற பெயரும் ஏற்படவில்லை. இரண்டையும் ஒருங்கே காப்பது அந்நிலத்தில் எளிதன்று.

2009 மார்ச்சில் நிகழ்ந்த வாகன விபத்தில் அவர் படுகாயமுற்றார். பல அறுவை மருத்துவங்களுக்குப் பின்னும் ஒரு கண்ணின் பார்வை மீளவில்லை. எனினும் மேடைக்குத் திரும்பினார். 2013ஆம் ஆண்டு தாம் பிறந்த மலையின் பெயரையே தலைப்பாகக் கொண்டு 'ரொமானியா' என்னும் தொகுப்பை வெளியிட்டார். இழந்த மண்ணை உரிமைக்குரலால் அழைக்காமல் பெயர் சொல்லி அழைத்த செயல் அது. ஸெவ்தாலிங்காவின் பழைய முறையும் அதுவே.

நம் அறிஞர்களின் அளவுகோல்

இங்கே ஒரு வினா எழுவது இயல்பு. மது பரிமாறும் விடுதிகளில் பாடத் தொடங்கிய ஒரு காதற்பாடகரை, முஸ்லிம் பண்பாட்டு வரலாற்றில் வைத்துப் பேசுவது முறையா? இவ்வினாவைத் தவிர்த்துவிட்டு இக்கட்டுரையை முடிப்பது நேர்மையாகாது.

இசை குறித்து நம் அறிஞர்களிடையே கருத்து வேற்றுமை உண்டு. போஸ்னிய முஸ்லிம்கள் பின்பற்றும் ஹனஃபி மத்ஹபின் சட்ட நூல்களில் இசைக்கருவிகள் குறித்துக் கடுமையான கருத்துகள் காணப்படுகின்றன. இப்னு ஹஸ்ம் (ரஹ்) தடைக்குரிய சான்றுகள் வலுவானவையல்ல என வாதிட்டார். பெருநாளன்று இரு சிறுமியர் பாடியதை நபி (ஸல்) அவர்கள் தடுக்காத நிகழ்ச்சியை இரு தரப்பாரும் தத்தமக்கேற்ப விளக்குவர். இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்களோ 'இஹ்யா'வில் இதற்கெனத் தனிப் பகுதி ஒன்றையே ஒதுக்கி, பொதுத் தீர்ப்பு ஒன்றைச் சொல்லிவிட்டு அகலாமல், பாடுபவர், கருவி, பாட்டின் பொருள், கேட்பவரின் நிலை, கேட்கும் அளவு என ஐந்து வழிகளில் தடை நுழையக்கூடும் என்று பகுத்துக் காட்டினார். மது அருந்துவோரின் அவையோடு ஒட்டிய இசையை அவர் ஏற்கவில்லை. இந்த அளவுகோலின்படி கஃபானாவின் சூழல் தேறாது. இதனை மறைப்பதால் பாடகருக்கும் நன்மையில்லை, நமக்கும் நன்மையில்லை.

அதே பகுதியில் இமாம் அவர்கள் கூறும் மற்றொரு நுட்பம் நம் பொருளுக்கு மிக இன்றியமையாதது. பாட்டு உள்ளத்தில் இல்லாத ஒன்றைப் புதிதாக அங்கே கொண்டுவந்து வைப்பதில்லை. ஏற்கனவே அங்கே உள்ளதையே அசைத்து எழுப்புகிறது என்பதே அந்நுட்பம். முன்னோரான ஸூஃபியரின் சொல்லை அடியொற்றி அவர் இதனை விளக்குகிறார். எனவேதான் ஒரே பாட்டு ஒருவருக்குத் தீங்காகவும் மற்றொருவருக்கு ஆகுமானதாகவும் வேறொருவருக்கு நன்மையாகவும் அமைய முடிகிறது.

பால்கனின் அண்மை வரலாறு இக்கருத்துக்கு எழுதப்பட்ட உரை போலத் தோன்றுகிறது. ஒரே வேரிலிருந்து கிளைத்த பாட்டு வகை, ஒரு மேடையில் செருக்கையும் பகையையும் எழுப்பியது. மற்றொரு மேடையில் தாயையும் இழந்த ஊரையும் நினைவூட்டியது. ஸெவ்தாலிங்காவைச் சேர்ந்து கேட்ட மக்கள் 1992ஆம் ஆண்டு ஒருவரையொருவர் கொன்றனர் என்பதும் உண்மையே. 'ஒன்றாகப் பாடியவர்கள் ஏன் போரிட்டனர்?' என்று வினவுவோர், பாட்டு புதிய உள்ளத்தைப் படைக்கும் என எண்ணுகின்றனர். அது படைப்பதில்லை. உள்ளத்தில் அச்சத்தையும் வெறுப்பையும் விதைத்தவர்கள் அரசியலாரும் அவர்தம் ஊடகங்களும். அவ்விதை வேரூன்றிய பின் எந்தப் பாட்டாலும் அதனைப் பிடுங்க இயலவில்லை.

ஆகவே, பெஷ்லிச் பிளவுண்ட மக்களை ஒன்றிணைத்துவிட்டார் எனப் புகழ்வது மிகையாகும். ஸ்ரெப்ரெனிட்ஸாவின் தாய்மார்க்கு வேண்டியது நீதி. நீதியின் இடத்தைப் பாட்டு நிரப்பாது. ஆனால் ஒன்றை உறுதியாகக் கூறலாம். போருக்குப் பின்னும் எதிர்த்தரப்பு மக்களின் உள்ளங்களில் ஏதோ ஒன்று எஞ்சியிருந்தது. ஒரு முஸ்லிமின் குரலில் தம் துயரத்தைக் கேட்க முடிந்த அளவுக்கேனும் அது உயிரோடிருந்தது. பெஷ்லிச்சின் பாட்டு அதனை எழுப்பியது. எழுந்தது என்பதே, அது அழிந்துவிடவில்லை என்பதற்குச் சான்று.

எஞ்சியிருப்பது

2024 டிசம்பரில் யுனெஸ்கோ அமைப்பு ஸெவ்தாலிங்காவை மனிதகுலத்தின் அருவப் பண்பாட்டு மரபுகளின் பட்டியலில் சேர்த்தது. அடுத்த ஆண்டு அக்டோபரில் பெஷ்லிச் மறைந்தார். சரயேவோவில் அவருடைய இறுதிப் பயணத்தில் பல்லாயிரவர் திரண்டனர். போஸ்னியாவுக்கு வெளியேயும் மக்கள் நகரச் சதுக்கங்களில் கூடி மில்யாட்ஸ்கா ஆற்றின் பாட்டைப் பாடினர். அவர்களுள் பலருக்கு ஜனாஸாத் தொழுகையின் முறை தெரியாது. காலித் என்னும் சொல்லின் பொருளும் தெரியாது. நிலைத்திருப்பவன் என்பது அதன் பொருள். மனிதர் எவருக்கும் இவ்வுலகில் அத்தகைய நிலைபேறு இல்லை என்பதை அப்பெயரைச் சூட்டும் நாமும் அறிவோம்.

பாக்தாதின் மருத்துவர்கள் நோயின் பெயராக எழுதிவைத்த ஒரு சொல், துருக்கியில் காதலாகி, போஸ்னியாவில் பாட்டாகி, ஒரு போருக்குப் பின் பகைவரும் பகிர்ந்துகொள்ளும் துயரத்தின் பெயராக நிற்கிறது. மொழிகளின் வேற்றுமையை இறைவன் தன் அத்தாட்சிகளுள் ஒன்றாக்கினான். சொற்கள் இவ்வாறு எல்லை கடந்து வாழ்வதும் அவ்வத்தாட்சியின் ஒரு பகுதியே எனலாம். அப்பாடகரின் குறைகளை மன்னித்து, அவர் எளியோர்க்குச் செய்த உதவிகளை ஏற்றுக்கொள்ள அல்லாஹ் போதுமானவன்.